இரண்டில் நல்ல காகிதம்

முதலில் வஞ்சகம் செய்தவர் சிவனணைந்தான் அத்தான்தான். அதில் கொம்பையாவுக்கு இம்மியும் சந்தேகம் கிடையாது. எது முதல் என்று கேட்டால்தான் கொஞ்சம் குழம்பும். முடுக்குச் சந்தின் வாசலில் இரும்புக் கதவு போட்டுப் பூட்டியது முதலா, அதற்கு முன்னால் அம்மாவின் பதினாறாம் நாளில் டிரங்குப் பெட்டியைத் திறந்து அசல் காகிதத்தைக் களவாண்டது முதலா, அதற்கும் முன்னால், உலகம்மாள் அக்காளைக் கட்டிய கையோடு வீட்டோடு மாப்பிள்ளையாக வந்து, கொம்பையா படுத்துக்கொண்டிருந்த தெருப்பக்கத்து அறையில் தன் சட்டையைக் கழற்றி ஆணியில் மாட்டியது முதலா. அந்த ஆணி கொம்பையா அடித்த ஆணி. மீசை முளைக்காத வயசில் பெருவிரலில் சுத்தியலைப் போட்டுக்கொண்டு, நகம் கறுத்து விழுந்து, மறு நகம் முளைக்கிறவரை சோற்றைக் கரண்டியால் தின்றது அந்த ஆணிக்காக. அதில் போய் ஒருவன் கேட்காமல் கொள்ளாமல் சட்டையை மாட்டினால்? எந்தப் பக்கமிருந்து எண்ணினாலும் முதல் ஆள் அத்தான்தான் என்று வந்து நின்றது. வந்து நிற்கிறது சரி, நின்ற இடத்தில் நிற்க மாட்டேன் என்கிறதே. முன்சீப் கோர்ட் வராந்தாவில், ஒரு கால் ஆடுகிற பெஞ்சின் ஓரத்தில், மஞ்சள் பையை மடியில் அணைத்தபடி காலையிலிருந்து அவர் இதைத்தான் எண்ணிக்கொண்டிருந்தார். பைக்குள் பாலிதீன் உறை, உறைக்குள் ஒரு ஜெராக்ஸ். அந்த ஜெராக்ஸை இன்றைக்குக் கோர்ட் வாங்கிக்கொண்டால் முடுக்கு திறக்க வழி உண்டு. வாங்காவிட்டால் முடுக்கு அத்தான் வீட்டில் இன்னொரு நீளமான அறை, அவ்வளவுதான். கொம்பையா சாகிறவரை கொல்லைப்பக்கம் வாய்க்காலில் இறங்கித்தான் வெளியே வர வேண்டும். செத்த பிறகும் அப்படித்தான்.

அத்தானும் வந்திருந்தார். எதிர்த்தூணில் சாய்ந்து, கண் ஆபரேஷனுக்குப் பிறகு போட்ட கறுப்புக் கண்ணாடியோடு, எங்கே பார்க்கிறார் என்றே தெரியாமல் உட்கார்ந்திருந்தார். இருவரும் ஒரே பஸ்ஸில்தான் வந்தார்கள். ஊருக்கு இருப்பது ஒரு பஸ், வேறென்ன செய்ய. கொம்பையா முன்வாசலில் ஏறினால் அத்தான் பின்வாசல். "வாதி முன்னால, பிரதிவாதி பின்னால. இந்தக் கேஸு முடிஞ்சா கம்பெனிக்குத்தான் நட்டம்" என்று கண்டக்டர் டிக்கெட்டைக் கிழித்துக்கொண்டே சொல்ல, பஸ்ஸே சிரித்தது. அத்தானும் சிரித்தான். வாய் திறந்து பேசும்போது அத்தான், அவர். மனசுக்குள் மட்டும் அவன். இந்த இரண்டும் எந்த இடத்தில் பிரிகிறது என்று கொம்பையாவுக்கே சில நேரம் பிடிபடுவதில்லை. இத்தனைக்கும் விஷயம் பச்சைப் பிள்ளைக்குக்கூடப் புரியும். அப்பா செத்த வருஷம் வீட்டை இரண்டாக வகுத்தார்கள். தெருப்பக்கம் அக்காளுக்கு, கொல்லைப்பக்கம் கொம்பையாவுக்கு, மதிலை ஒட்டித் தெருவிலிருந்து கொல்லைவரை ஓடும் முடுக்கு இரண்டு பேருக்கும் பொது. ஊரில் நாலு பெரிய மனிதர் உட்கார்ந்து, முத்திரைத் தாள் வாங்கி, நீல மசியில் எழுதி, அத்தான் கையெழுத்துப் போட்டார், கொம்பையா பெருவிரலை உருட்டினார். வழி வேண்டியது கொம்பையாவுக்குத்தானே, அசல் அவனிடம் இருக்கட்டும், ஒரு ஜெராக்ஸ் எடுத்துச் சிவனணைந்தான் கையில் கொடுத்துவிடட்டும் என்றார்கள். இவ்வளவுதான். இதில் குழம்ப என்ன இருக்கிறது. அக்காள் இருந்தவரை முடுக்குக்குக் கதவே கிடையாது. அவள் போன பிறகு கதவு வந்தது, பூட்டு வந்தது, எங்கள் இடம் என்ற பேச்சு வந்தது, கேஸ் வந்தது. எல்லாம் ஒன்றன்பின் ஒன்றாக, வண்டிமாடு மாதிரி ஒழுங்காகத்தான் வந்தன. இன்று காலையில் ஜெசிந்தா வக்கீலம்மா ஒரு வார்த்தை சொல்லி அத்தனையையும் கலைத்துவிட்டாள்.

"அண்ணாச்சி, ஜெராக்ஸைச் சும்மா நீட்டினா கோர்ட் வாங்காது. அசல் எங்கன்னுதான் முதல்ல கேக்கும். அசல் எதிரி கையில இருக்கு, கேட்டும் குடுக்க மாட்டேங்காருன்னு காட்டினாத்தான் நகலைத் திரும்பியே பாக்கும். நாம நோட்டீஸ் விட்டாச்சு. எங்ககிட்ட அப்படி ஒண்ணுமே இல்லைன்னு பதிலும் வந்தாச்சு. இனி அது எப்படி அவுக கைக்குப் போச்சுன்னு நீங்க கூண்டுல நின்னு சொல்லணும்."

"களவாண்டுட்டுப் போனாரு."

"எப்ப?"

"எங்கம்மா பதினாறாம் நாளு."

"யாரு பாத்தா?"

"பாக்க வேற செய்யணுமாக்கும்? ஊருக்கே தெரியும்லா."

"ஊரைக் கூண்டுல ஏத்த முடியாதுல்லா அண்ணாச்சி. போலீஸ்ல எழுதிக் குடுத்தியளா?"

"அக்கா புருசன் மேல எப்படிம்மா எழுதிக் குடுக்க?"

அவள் பேனாவை மூடி வைத்தாள். மகள் வயசுதான் இருக்கும். கோபப்படத் தெரியாத முகம். "களவுன்னா நிரூபிக்கணும். சந்தேகத்தை எல்லாம் எழுதிக்கிட மாட்டாங்க. நீங்களே எப்பவாவது அவுக கையில குடுத்திருந்தா அது வேற. குடுத்தேன், திருப்பித் தரலைன்னு சொன்னாப் போதும், காகிதம் உள்ள வந்துரும். ஆனா நான் சொல்லித் தர மாட்டேன் பாத்துக்கிடுங்க. நடந்தது எதுவோ அதைச் சொல்லுங்க" என்று சொல்லிவிட்டுக் கறுப்புக் கவுனை மாட்டிக்கொண்டு உள்ளே போய்விட்டாள்.

நீங்களே அவுக கையில குடுத்திருந்தா. கெண்டை மீன் முள் மாதிரி அந்தச் சொல் தொண்டையில் நின்றுகொண்டது. சோற்றை உருட்டி விழுங்கினாலும் போகாத முள். குடுத்திருந்தா அது வேற. எது வேற? குடுப்பதாவது, அசலைக் கொண்டுபோய் யாராவது எதிரி கையில் குடுப்பானா, மூளை உள்ளவன் செய்கிற காரியமா அது. கொம்பையா மூன்றாம் வகுப்பைத் தாண்டவில்லை, ஆனாலும் மூளை இல்லை என்று யாரும் சொன்னதில்லை. வாழைத்தார் ஏற்றி இறக்கின காலத்தில் தாரைத் தூக்கிப் பார்த்தே எடை சொன்னவர். டிரங்குப் பெட்டியை நினைத்துக்கொண்டார். அதை நினைத்தால் எப்போதும் மனசு ஒரு நிதானத்துக்கு வரும். அம்மாவின் பதினாறாம் நாள். வீடு கொள்ளாத கூட்டம். பந்திக்கு ஜமக்காளம் போதவில்லை என்று யாரோ குரல் கொடுக்கிறார்கள். அத்தான் உள்ளே போகிறான். ஆணியில் தொங்கிய சாவியை எடுக்கிறான், அதே ஆணி, பெட்டியைத் திறக்கிறான், குனிகிறான், கையை விடுகிறான், எடுக்கிறான். எடுத்தது காகிதம். இருபது வருஷமாக, கல்யாண வீட்டிலும் எழவு வீட்டிலும், கேட்டவருக்கும் கேட்காதவருக்கும் கொம்பையா இதைச் சொல்லியிருக்கிறார். காகிதம் என்று சொல்லும்போது இரண்டு விரலால் பிடித்துக் காட்டுவார். ஆனால் இன்று, இந்த ஆடுகிற பெஞ்சில், அத்தான் இரண்டு கையாலும் எடுக்கிறானே. இரண்டு கை போட்டு, நெஞ்சோடு சேர்த்து, பச்சையும் சிவப்புமாகக் கரை போட்ட, பூச்சிமருந்து வாடை அடிக்கிற ஒரு பெரிய, கனமான. இல்லை. காகிதம்தான். அந்த வாடை எங்கிருந்து வந்தது இப்போது? சொல்லச் சொல்ல ஜமக்காளம் சுருங்கிச் சுருங்கிக் காகிதமாகிப் போயிருக்குமா. அப்படியும் ஒன்று ஆகுமா. கோர்ட் டவாலி கதவருகே வந்து யாரோ ஒரு பெண்ணின் பெயரை மூன்று தடவை கூவினான். தன் பெயர் என்று நினைத்துக் கொம்பையா பாதி எழுந்துவிட்டார். பெஞ்சு ஒருபக்கம் சாய்ந்து, அந்தப் பக்கம் இருந்த ஆளின் மடியிலிருந்து காகிதங்கள் சரிந்தன.

"என்ன பெரியவரே, நீரா பேச்சியம்மாள்?" என்று அந்த ஆள் கேட்டார். எந்த வக்கீலிடமோ வேலை பார்க்கும் வயசான குமாஸ்தா. சரிந்ததைப் பொறுக்கி மறுபடியும் அடுக்கத் தொடங்கினார். ஒவ்வொரு காகிதமாக எடுத்து, எழுத்துப் பக்கத்தைப் பார்க்காமல், பின்பக்கத்தைப் பெருவிரலால் தடவினார். தடவி, சிலதை இந்தப் பக்கம், சிலதை அந்தப் பக்கம். கொம்பையா வெகுநேரம் பார்த்துக்கொண்டிருந்தார். பார்க்கப் பார்க்கத் தன் விரல் நுனியில் என்னவோ ஊர்ந்தது.

"எதுக்கு அய்யா முதுகைத் தடவுதிய?"

"அசலா நகலான்னு பாக்கேன். பேனா அழுத்தின இடம் பின்னால தட்டுப்படும்லா. இப்பல்லாம் நகலு அசலைவிடப் பளிச்சுன்னு வருது, கண்ணை நம்ப முடியாது." ஒரு காகிதத்தை நீட்டினார். "தடவிப் பாரும். புடைப்பு தெரியுதா? இது அசல். இன்னா, இதைத் தொடும். வழவழன்னு இருக்கா? நகலுக்கு முதுகு கிடையாதுவே."

தொட்டிருக்கக் கூடாது. தொட்ட விரலை வேட்டியில் துடைத்துக்கொண்டார். கோர்ட் வளாகத்தில் வாகை மரத்தடியில் ஜெராக்ஸ் கடை. காலையிலிருந்து மூடியைத் தூக்குவதும் போடுவதும், உள்ளே ஒரு வெளிச்சம் இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடிக்கு ஓடுவதும். கேஸ் போட்ட நாளிலிருந்து இந்தக் காகிதத்தையே எத்தனை பேருக்கு எடுத்துக் கொடுத்தாகிவிட்டது. கோர்ட்டுக்கு, எதிர்வக்கீலுக்கு, ஜெசிந்தாவின் கட்டுக்கு. ஒவ்வொன்றிலும் கொம்பையாவின் பெருவிரல். சுத்தியல் பட்ட தழும்பு குறுக்கே ஓடும் ரேகை, ஊரெல்லாம் உருண்டு கிடக்கிறது. எது தன் விரல் என்று ஒருநாள் கேட்டால் எதைக் காட்டுவது. அந்த வெளிச்சம் ஓடும்போது மூடியின் ஓரத்தில் பச்சையாக ஒரு கசிவு. அன்றைக்கும் அப்படித்தான் கசிந்தது. அன்றைக்கும் இதே சாரல். வேண்டாம், அதை நினைக்க வேண்டாம் என்று கொம்பையா பார்வையை எடுத்துக்கொண்டு போய் அத்தான் மீது வைத்தார். அத்தான் கறுப்புக் கண்ணாடிக்குள் இருந்தார். வேறு எங்கே வைக்க. பார்வை திரும்பி அந்தப் பச்சைக்கே வந்தது. பத்திரம் எழுதிய மறுநாள் நகல் எடுக்கச் சைக்கிளில் போனார், அதை நாலாக மடித்துச் சட்டைப்பையில் வைத்திருந்தார், வழியில் சாரல் பிடித்துக்கொண்டது. பஸ் ஸ்டாண்டுக்கு எதிரே கண்ணாடிக் கதவு போட்ட கடை. அதுவரை அவர் ஜெராக்ஸ் மெஷினைக் கண்டதில்லை. சட்டைப்பையிலிருந்து எடுத்தால் காகிதம் ஊறிப்போய் அப்பளமாவு மாதிரி துவள்கிறது. மடிப்பில் நீல மசி பரவி, எவரோ பெரிய மனிதரின் வெற்றிலைக் கறையோடு சேர்ந்து, பார்க்கவே அருவருப்பு. ஒரே நாளில் கெடுத்துவிட்டோமே என்று நினைத்தார். கடைக்காரன் வாங்கி, விரித்து, கண்ணாடிமேல் வைத்து, மூடினான். பச்சை ஓடியது. அந்தப் பக்கம் ஒரு காகிதம் நாக்கை நீட்டுவது மாதிரி வந்தது. இரண்டையும் சேர்த்துக் கையில் கொடுத்தான். ஒன்று ஈரம், குளிர், நீலச் சேறு. இன்னொன்று வெள்ளைவெளேரென்று, விறைப்பாக, பரவின நீலத்தை எங்கேயோ விழுங்கிவிட்டு எழுத்தை மட்டும் கறுகறுவென்று துப்பிக்கொண்டு, சூடாக. அந்தச் சூடுதான். இஸ்திரி போட்ட சட்டை மாதிரி, காய்ச்சல் பிள்ளையின் நெற்றி மாதிரி ஒரு சூடு. உயிருள்ளதுதானே சூடாக இருக்கும்? இரண்டில் நல்லது எதுவோ அதுதானே அசல்? கெட்டுப்போனதை வைத்துக்கொண்டு ஒருவன் என்ன செய்வான்? கொம்பையா சூடாக இருந்ததைப் பனியனுக்குள் வயிற்றோடு வைத்துக்கொண்டார். வீடு வருகிறவரை அது வயிற்றில் ஒட்டிக்கொண்டு வந்தது.

ஈரமானதை முடுக்கில் நின்றே கொடுத்தார். அத்தான் சட்டையில்லாமல் வந்து வாங்கினான். கொடுக்கும்போது காகிதத்தின் பின்பக்கத்தில் கொம்பையாவின் விரல் பட்டது, நனைந்த பிறகும் வரிவரியாகப் புடைப்பு, எறும்புச் சாரை மாதிரி. விரல் அதை இத்தனை வருஷம் எங்கே ஒளித்து வைத்திருந்தது? "இதுதான் நகலா மாப்ளே? என்னடே நனைஞ்சு போயிருக்கு?" என்றான் அத்தான். "ஆமா அத்தான். மெஷின்ல அப்படித்தான் வரும்" என்றார் கொம்பையா. சொல்லிவிட்டுச் சிரிப்பை அடக்க வாயைத் துண்டால் துடைத்துக்கொண்டார். ஆணிக்கு ஒரு பதில் ஆயிற்று என்று தோன்றியது. பெண்டாட்டி கோமுவிடம் சொல்லாமல் இருக்க முடியவில்லை. அவள் முருங்கைக்கீரை உருவிக்கொண்டிருந்தாள். "நனைஞ்சதை அவுக தலையில கட்டிட்டியளாக்கும்" என்று சொல்லிச் சிரித்தாள். அவள் சிரித்தால் மூக்குத்திதான் முதலில் சிரிக்கும். அதற்குப் பிறகு காகிதத்தை யார் நினைத்தார்கள். அக்காள் முடுக்கு வழியாகக் குழம்பு அனுப்புவாள், கோமு முடுக்கு வழியாகக் கீரை அனுப்புவாள். கதவு வந்த பிறகுதான் காகிதம் பெட்டியை விட்டு வெளியே வந்தது. அப்போது வேறொரு வக்கீல், தடித்த ஆள், அதை மேஜைமேல் போட்டு, "இது ஜெராக்ஸ்லாவே, அசல் எங்க?" என்றார். எங்கே என்றால்? இதுதான், இரண்டில் நல்லது இதுதான் என்று வாய்வரை வந்தது. அந்த ஆளின் முகத்தைப் பார்த்ததும் உள்ளேயே செத்துப்போனது. திரும்பி வரும் பஸ்ஸில்தான் மனசுக்குள் டிரங்குப் பெட்டி திறந்தது. ஊர் வந்து இறங்கும்போது அத்தான் திருடி முடித்திருந்தான். வீட்டில் நுழைந்ததும் நுழையாததுமாகச் சொன்னார். கோமு அடுப்பிலிருந்து திரும்பி, கரண்டியும் கையுமாக, "நீங்கதான குடுத்திய? அந்த நனைஞ்சதை" என்றாள். வாயை மூடுட்டி என்று போட்ட சத்தத்தில் கொல்லைக் கோழி கலைந்தது. அவள் மூடிக்கொண்டாள். அப்புறம் அதைப்பற்றி ஒரு சொல் இல்லை. முழங்கால் வீங்கின பிறகும், சேலையைத் தூக்கிச் செருகிக்கொண்டு வாய்க்காலில் இறங்கி ஏறும்போதும், ஒரு சொல் இல்லை. சொல்லியிருக்கலாம் அவள். ஒரு தடவை திட்டியிருக்கலாம்.

அவளைத் தூக்கிக்கொண்டு போனதும் அந்த வழிதான். முடுக்குக் கதவைத் தட்டினார்கள், ஆட்டினார்கள், பூட்டு தொங்கியது. அத்தான் ஊரில் இல்லை, திருப்பூரில் மகள் வீட்டில் என்றார்கள். உள்ளேதான் இருந்தான், ஜன்னலில் பல்பு எரிந்தது என்றும் சொன்னார்கள். எரிந்ததா? கொம்பையா பார்த்தாரா? பாடையை வாய்க்காலில் இறக்கினார்கள். தண்ணீர் முழங்காலுக்கு மேல். பாசியில் ஒருத்தன் வழுக்கினான், பாடை ஒரு பக்கம் சாய்ந்தது, கோமுவின் கை மாலைக்குள்ளிருந்து நழுவித் தண்ணீரைத் தொட்டது. யாரும் பார்க்கவில்லை. கொம்பையா பார்த்தார். கீரை அலசுகிற மாதிரி அந்தக் கை தண்ணீரில் கொஞ்ச தூரம் வந்தது. இதற்கு என்ன காகிதம் இருக்கிறது? இதை எந்த மெஷினில் வைத்து எடுப்பது? இதற்கு அசல் எங்கே, யார் கையில், எப்படிப் போயிற்று என்று கேட்டால் கொம்பையா சொல்வார், திக்காமல் திணறாமல் சொல்வார். அதைக் கேட்க மாட்டார்கள். காகிதத்தைத்தான் கேட்பார்கள். குடுத்தேன் என்று சொன்னால் காகிதம் உள்ளே போகும், வழி திறக்கும். ஆனால் குடுத்தேன் என்று சொன்னால் அத்தான் களவாணி இல்லை. அத்தான் களவாணி இல்லை என்றால் இந்த இருபது வருஷமும் யாரைத் திட்டியது? கோமுவை எதற்காக வாயை மூடச் சொன்னது? எடுத்தான் என்றால் வழி போகும். குடுத்தேன் என்றால் மற்றதெல்லாம் போகும். எது போனால் எது நிற்கும் என்று ஒரு கையில் ஒன்றாகப் பிடித்துப் பார்த்தார். தார் எடை சொன்ன கை. இரண்டும் ஒரே கனமாக இருந்தன. "கொம்பையா! கொம்பையா! கொம்பையா!" என்று டவாலி கூவினான். யாரோ பெரியவரைக் கூப்பிடுகிறார்கள், ஆளைக் காணோமே என்று நினைத்துக் கொம்பையா அக்கம்பக்கம் பார்த்தார். குமாஸ்தா முழங்கையால் இடித்தார்.

கூண்டுக்குள் ஏறும்போது படி தட்டியது. நடந்ததையே சொல்வேன் என்று சொல்லச் சொன்னார்கள், சொன்னார். மேலே உட்கார்ந்திருந்த நீதிபதியம்மா கண்ணாடியைத் தள்ளிவிட்டுக்கொண்டு அந்த ஜெராக்ஸைப் பார்த்தாள். ஜெசிந்தா என்னவோ கேட்டாள், இவர் என்னவோ சொன்னார், எல்லாம் வாய்க்கால் தண்ணீருக்குள் இருந்து கேட்கிற மாதிரி இருந்தது. எதிர்த்தரப்பு வக்கீல் தளவாய் எழுந்து ஆட்சேபணை என்றார். அசல் எப்படிப் பிரதிவாதியிடம் போனது என்று நீதிபதியம்மாவே கேட்டாள்.

"அம்மா பதினாறாம் நாளு" என்று கொம்பையா தொடங்கினார். இருபது வருஷம் பழகின வாய், தானாகவே போனது. "ஜமக்காளம் எடுக்கணும்னு உள்ள போயி." அங்கே நின்றது. இங்கே காகிதம் என்று சொல்லி இரண்டு விரலைத் தூக்க வேண்டும். கை கூண்டின் கட்டையைப் பிடித்திருந்தது. கட்டையின் அடிப்பக்கத்தில் எவனோ ஒருவன், தன் முறைக்குக் காத்திருந்தவன், ஆணியால் கீறி என்னவோ எழுதியிருந்தான். கண்ணுக்குத் தெரியாத இடம். கொம்பையாவின் பெருவிரல் அதன்மேல் போய் வந்தது. வரிவரியாகப் புடைப்பு.

"நான்தான் குடுத்தேன்" என்றார். "என் கையாலதான் குடுத்தேன். முடுக்குல வச்சு."

தளவாய் ஒரு காகிதத்தை ஆட்டினார். "பெரியவரே, உங்க முதல் நோட்டீஸ்ல திருடிட்டுப் போனார்னு இருக்கு. இப்ப குடுத்தேங்கியரு. ரெண்டுல எது நெசம்?"

"ரெண்டும்."

சிரித்தார்கள். நீதிபதியம்மா சிரிக்கவில்லை. "ரெண்டும் எப்படி நெசமாகும்?"

"குடுத்தது நெசம்மா" என்றார் கொம்பையா. "என் வழி களவு போனதும் நெசம்."

அவள் மறுபடியும் ஜெராக்ஸை எடுத்துப் பார்த்தாள். பிறகு, ஆட்சேபணைக்கு உட்பட்டு நகல் ஏற்கப்படுகிறது, அதற்கு என்ன மதிப்பு என்பதைத் தீர்ப்பில் பார்க்கலாம் என்று சொல்லி எழுதவைத்தாள். கீழே இருந்த ஊழியர் ஜெராக்ஸை வாங்கி ரப்பர் முத்திரையை ஓங்கிக் குத்தினார். மேஜை அதிர்ந்தது. இப்போது அதற்கும் ஒரு முதுகு முளைத்திருக்கும் என்று கொம்பையாவுக்குத் தோன்றியது. ஜெசிந்தா அவரைப் பார்த்துச் சிரித்தாள். எதற்குச் சிரிக்கிறாள் என்று அவருக்குச் சட்டென்று பிடிபடவில்லை.

பஸ் நிறுத்தத்தில் சாரல் ஓயவில்லை. ஒரே கூரைக்கு அடியில்தான் நிற்க வேண்டியிருந்தது. அத்தான் கண்ணாடியைக் கழற்றித் துண்டால் துடைத்தார். கண்ணாடி இல்லாமல் அந்தக் கண்கள் உரித்த நுங்கு மாதிரி இருந்தன.

"மாப்ளே" என்றார். கேஸ் போட்ட பிறகு கேட்காத சொல். "நகலுன்னு சொல்லித்தானடே குடுத்தே."

கொம்பையா பஸ் வருகிறதா என்று சாலையின் கோடியைப் பார்த்தார்.

"நகலுதானன்னு உங்கக்கா அதை நார்த்தங்காய் ஊறுகாப் பானை வாயில மூடி வேடு கட்டிட்டா. எண்ணெய் ஊறிச்சி, எலி தின்னுச்சி. அந்த ஊறுகா உனக்கும்தான் வந்துது, முடுக்கு வழியா. நீ நல்லா இருக்குன்னு கேட்டு வாங்கினே." சிரித்தாரா இருமினாரா தெரியவில்லை. "என்கிட்ட இல்லைன்னா இல்லைதான். களவாணிப் பட்டம் மட்டும் இருக்கு. அது அசல்."

நார்த்தங்காயின் கசப்பு நாக்கின் அடியில் வந்து உட்கார்ந்தது. அதை இவர் விரலால் வழித்து நக்கியிருக்கிறார், கோமு திட்டுவாள். அப்படியென்றால் யாரும் எடுக்கவில்லை, யாரும் வைத்துக்கொள்ளவும் இல்லை. வஞ்சகங்களின் எண்ணிக்கையில் ஒரு பெரிய இடம் திடீரென்று பொத்தென்று விழுந்துவிட்டது. கொம்பையா அவசர அவசரமாக அந்தப் பக்கம் இந்தப் பக்கம் கையை விட்டுப் பார்த்தார். ஆணி இருந்தது. கதவு இருந்தது. பூட்டு இருந்தது. வாய்க்கால் தண்ணீரைத் தொட்டுக்கொண்டே போன ஒரு கை இருந்தது. அது இருக்கிறது, அதை எந்த எலியும் தின்னவில்லை. மூச்சு திரும்ப வந்தது.

அத்தான் கண்ணாடியைப் போடாமல் கையிலேயே வைத்திருந்தார். "கொம்பையா. கோமுவைத் தூக்கிட்டுப் போன அன்னைக்கி நான்" என்று ஆரம்பித்தார். "அந்தப் பூட்டு விசயமா உங்கிட்ட ஒண்ணு."

"பஸ் வந்துட்டு" என்றார் கொம்பையா.

பஸ் வரவில்லை. சாலை இரண்டு பக்கமும் வெறிச்சென்று நனைந்துகொண்டிருந்தது. ஆனாலும் அவர் மஞ்சள் பையைத் தலைமேல் பிடித்துக்கொண்டு, கூரையை விட்டு இறங்கி, பஸ் வந்தால் முன்வாசல் எங்கே நிற்குமோ அங்கே போய் நின்றுகொண்டார். அத்தான் பின்னால் ஏதோ சொன்ன மாதிரி இருந்தது. சாரல் சத்தம் நல்லவேளையாகப் பெரிதாக இருந்தது. பை லேசாக இருந்தது, உள்ளே உறை மட்டும்தான், காகிதம் கோர்ட்டில் தங்கிவிட்டது. பஸ் வெகுநேரம் கழித்து வந்தது. கொம்பையா முன்னால் ஏறினார். பின்னால் இருமல் கேட்டது.

"என்ன வாதி, கேஸு முடிஞ்சிட்டா?" என்றான் கண்டக்டர்.

"எங்க முடிய" என்றார் கொம்பையா, திரும்பிப் பார்க்காமல். "பாக்கி இருக்கு."